ராக்கெட்டின் வாய் ஏன் மணி மாதிரி விரிந்திருக்கிறது?

புதுச்சேரி முத்தியால்பேட்டையில் பதினொன்றாம் வகுப்பு படிக்கும் ஒரு தம்பி கேட்ட கேள்வி இது: "தோட்டத்துக் குழாயின் வாயைக் கட்டைவிரலால் அழுத்தினால் தண்ணீர் வேகமாகப் பாய்கிறது. குறுக்கினால்தானே வேகம்? அப்படியானால் ராக்கெட் நாசில் மட்டும் ஏன் கடைசியில் மணி மாதிரி விரிகிறது? பள்ளிக் கண்காட்சிக்கு நான் செய்யும் தண்ணீர் பாட்டில் ராக்கெட்டுக்கும் அப்படி ஒரு மணி வைத்தால் இன்னும் உயரம் போகுமா?"

இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன்: போகாது தம்பி. பட்டுத் தெரிந்துகொண்டது இது. போன கோடை விடுமுறையில் என் பேரன் சமையலறைப் புனலின் நுனியை வெட்டி, இரண்டு லிட்டர் கூல்டிரிங்க்ஸ் பாட்டிலின் வாயில் ஒட்டி, "தாத்தா, இஸ்ரோ நாசில்" என்று கொண்டுவந்து நின்றான். கடலூர் தேவனாம்பட்டினம் வெள்ளிக் கடற்கரையில் வைத்து விட்டோம். பத்தடி நேராகப் போயிற்று. அப்புறம் தலையைத் திருப்பிக்கொண்டு சுண்டல்காரரின் தள்ளுவண்டியைப் பார்த்துப் பாய்ந்தது. நல்லவேளை, இரண்டடி முன்னால் மணலில் குத்தி நின்றது. அவர் திட்டியதை இங்கே எழுத முடியாது. புனலைப் பிய்த்து எறிந்துவிட்டு, அதே பாட்டிலை அதே அழுத்தத்தில் விட்டால் தென்னை மர உயரத்தைத் தாண்டிப் போனது.

ஏன் அப்படி என்பதுதான் உங்கள் முதல் கேள்வி. நான் ராக்கெட் ஆள் இல்லை. நெய்வேலியில் அனல்மின் நிலையத்து டர்பைன்களைக் கழற்றிப் பூட்டி முப்பது வருஷம் ஓட்டியவன். ஆனால் ராக்கெட் நாசிலுக்குப் பிறந்த வீடே நீராவி டர்பைன்தான், ராக்கெட் அதன் புகுந்த வீடு. ஸ்வீடன் நாட்டுப் பொறியாளர் குஸ்தாஃப் டி லாவல் பாலிலிருந்து ஏடு பிரிக்கும் இயந்திரம் செய்து விற்றவர். அதைச் சுற்ற வேகமான ஒரு டர்பைன் வேண்டியிருந்தது. 1880களின் கடைசியில், ஒடுங்கிப் பின் விரியும் குழாய் வழியாக நீராவியைச் சீறவிட்டு, நிமிடத்துக்கு 30,000 சுற்று சுற்றும் டர்பைனைச் செய்தார். நாங்கள் ஓட்டியது 3,000 சுற்று. இன்று விண்வெளிக்குப் போகும் எல்லா ராக்கெட்டின் அடியிலும் தொங்குவது அவருடைய குழாய்தான். டர்பைனை விட்டு வந்த நீராவியைக் குளிர்வித்துத் தண்ணீராக்கும் எங்கள் கண்டென்சரிலிருந்து காற்றை உறிஞ்சி எடுக்கும் ஸ்டீம் எஜெக்டரைக் கழற்றினாலும் உள்ளே அதே வடிவம் கைக்கு அடக்கமாக இருக்கும்: உடுக்கையை ஒரு பக்கம் மட்டும் பிடித்து நீட்டி இழுத்தாற்போல.

சரி, முதலில் தோட்டக் குழாய்க்கு வருவோம். அதில் நீங்கள் நினைப்பது பாதிதான் சரி. விரலை எடுத்துவிட்டால், நீளமான குழாய்க்குள் தண்ணீர் உரசி உரசி வரும்போதே தொட்டியின் அழுத்தம் பெரும்பாலும் செலவாகிவிடுகிறது. விரலை வைத்தால் ஓட்டம் குறைகிறது, உரசல் குறைகிறது, மிச்சப்பட்ட அழுத்தம் விரலுக்குப் பின்னால் வந்து நிற்கிறது. அதுதான் சீறுகிறது. உங்கள் பாட்டிலில் அந்த நீளக் குழாயே இல்லை. வாயின் அளவு எதுவானாலும் முழு அழுத்தமும் வாய்க்கு நேர் பின்னால் இருக்கிறது. சைக்கிள் பம்பில் 60 பி.எஸ்.ஐ. ஏற்றினால், அதாவது ஏறக்குறைய 4 பார், தண்ணீர் வெளியேறும் வேகம் வினாடிக்கு 28 மீட்டர். வாய் 22 மி.மீ. என்றாலும் அதேதான், 9 மி.மீ. என்றாலும் அதேதான். குறுக்கினால் வேகம் கூடாது. வினாடிக்கு வெளியேறும் தண்ணீரின் அளவு குறையும், அவ்வளவே. இது தெரியாமல்தான் பலரும் மூடியில் ஊசித் துளை போட்டுவிட்டு, ராக்கெட் தரையை விட்டே எழும்பவில்லை என்று விழிக்கிறார்கள்.

தண்ணீருக்கு ஒரு குணம்: எவ்வளவு அழுத்தினாலும் சுருங்காது, விட்டாலும் விரியாது. வாயுவுக்கு அந்தக் கட்டுப்பாடு கிடையாது. நாசிலின் முழு சூட்சுமமும் இதில்தான் இருக்கிறது, இங்கே கொஞ்சம் பொறுமையாக வாருங்கள்.

ஒரு குழாயில் எந்த இடத்தில் நின்று பார்த்தாலும் வினாடிக்கு அதே அளவு எடை கடந்து போக வேண்டும். நடுவில் சேரவும் முடியாது, காணாமல் போகவும் முடியாது. அடர்த்தி, வேகம், குழாயின் குறுக்குப் பரப்பு மூன்றையும் பெருக்கினால் எங்கும் ஒரே விடை வர வேண்டும். தண்ணீரின் அடர்த்தி மாறாது, எனவே பரப்பு குறைந்தால் வேகம் கூடியாக வேண்டும். வாயு வேகமெடுக்கும்போது அழுத்தம் இறங்கும், அதனால் அடர்த்தியும் இறங்கும். எவ்வளவு இறங்கும்? இதற்கு ஓர் அழகான கணக்கு உண்டு. வாயு அந்த இடத்து ஒலி வேகத்தில் பாதியில் போகிறது என்று வையுங்கள். அதன் வேகம் ஒரு சதவீதம் கூடினால் அடர்த்தி கால் சதவீதம்தான் குறையும். ஆகவே பரப்பு முக்கால் சதவீதம் ஒடுங்க வேண்டும். தண்ணீர் மாதிரியேதான் நடந்துகொள்கிறது. இப்போது அதே வாயு ஒலியைப் போல இரண்டு மடங்கு வேகத்தில் போகிறது என்று வையுங்கள். வேகம் ஒரு சதவீதம் கூடினால் அடர்த்தி நான்கு சதவீதம் விழுந்துவிடும். வேகத்தில் கிடைத்தது ஒன்று, அடர்த்தியில் போனது நான்கு. மிச்சம் மூன்று சதவீதத்தைக் குழாய்தான் விரிந்து கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் வாயு மேலும் வேகமெடுக்க வழியில்லை.

சரியாக ஒலி வேகத்தில் இருக்கும்போது? ஒன்றுக்கு ஒன்று. பரப்பு கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம். குழாயில் அப்படிப்பட்ட இடம் ஒன்றே ஒன்று, அந்த ஒடுங்கிய தொண்டை. அதுவரை ஒடுக்கு, அதற்கப்புறம் விரி. லாவல் குழாயின் வடிவத்தை இந்த மூன்று வரிக் கணக்கே வரைந்து கொடுத்துவிடுகிறது.

தொண்டையில் வேறொரு வேடிக்கையும் நடக்கிறது. வாயுவுக்குள் "முன்னால் அழுத்தம் குறைந்திருக்கிறது, சீக்கிரம் வா" என்ற சேதி ஒலியின் வேகத்தில்தான் பின்னோக்கிப் போக முடியும். கடலூர் முதுநகர் பக்கம் முகத்துவாரத்தில் எதிர் ஓட்டத்தில் படகு ஏறுவதை நினைத்துக்கொள்ளுங்கள். நீரோட்டத்தின் வேகமும் படகின் வேகமும் சமமானால் படகு நின்ற இடத்திலேயே நிற்கும். தொண்டையில் வாயு ஒலி வேகத்தைத் தொட்டதும் வெளியுலகச் சேதி எதுவும் உள்ளே ஏறாது. வெளியே காற்று இருந்தாலும் வெற்றிடமாக இருந்தாலும் எரிப்பு அறைக்கு அது தெரியவே தெரியாது. இதைச் சோக் ஆவது என்போம். அதற்கு உள்ளே இருக்கும் அழுத்தம் வெளியே இருப்பதைப் போல இரண்டு மடங்கு அளவுக்கு இருந்தாலே போதும். அனல்மின் நிலையத்தில் சேஃப்டி வால்வு திறந்து நீராவி அலறும்போது காதைப் பொத்திக்கொண்டு நின்றிருக்கிறேன். அங்கே நடப்பதும் இதுதான்.

வேகத்துக்கான பணம் எங்கிருந்து வருகிறது என்று கேட்டால், சூட்டிலிருந்து. எரிப்பு அறைக்குள் மூலக்கூறுகள் மூவாயிரம் டிகிரிக்கு மேல் சூடாகி, திசையில்லாமல் முட்டி மோதிக்கொண்டிருக்கின்றன. திருவிழாக் கூட்டம் மாதிரி. நாசில் அதை ஒரே திசையில் ஓடும் ஊர்வலமாக மாற்றுகிறது. விரியும் பகுதியில் வாயு குளிர்ந்துகொண்டே வேகமெடுக்கும். ஹைட்ரஜனும் திரவ ஆக்சிஜனும் எரிக்கும் அமெரிக்க விண்கல ஓடத்தின் ஆர்.எஸ்-25 எஞ்சினில், வெற்றிடத்தில் வாயு வெளியேறும் வேகம் வினாடிக்கு ஏறத்தாழ 4.4 கிலோமீட்டர். தொண்டையோடு நறுக்கி விட்டிருந்தால் இதில் பாதிகூடத் தேறாது.

அமெரிக்க ராக்கெட் முன்னோடி ராபர்ட் கொடார்டு இதை அளந்தே காட்டினார். அவர் காலத்து வாண ராக்கெட்டுகள் மருந்தில் இருக்கும் ஆற்றலில் இரண்டு சதவீதம் சொச்சத்தைத்தான் உந்துதலாக மாற்றின. புகையில்லா வெடிமருந்து, எஃகு அறை, லாவல் நாசில் மூன்றையும் சேர்த்தபோது அது அறுபது சதவீதத்தைத் தாண்டியது. 1919இல் அதை வெளியிட்டார். 1926 மார்ச் 16 அன்று உலகின் முதல் திரவ எரிபொருள் ராக்கெட்டைப் பறக்கவிட்டதும் அவரே.

விரிய வேண்டும், சரி. எவ்வளவு? பெரிய எஞ்சின் செய்கிறவர்கள் மண்டையைப் போட்டு உடைத்துக்கொள்வது இந்த இடத்தில்தான். விரிய விரிய வாயுவின் அழுத்தம் குறைகிறது. வாயில் வந்து சேரும்போது அது வெளிக்காற்றின் அழுத்தத்துக்குச் சமமாக இருந்தால் அதுதான் உத்தமம். ஆனால் ராக்கெட் மேலே போகப் போக வெளிக்காற்று குறைந்துகொண்டே போகிறது. ஐந்தரை கிலோமீட்டரில் பாதி, பதினாறில் பத்தில் ஒரு பங்கு. நாசிலோ இரும்பு, கூடவே விரியாது. எனவே தரையிலிருந்து கிளம்பும் எஞ்சினுக்குக் குட்டி வாய், மேலே போய்ப் பற்றும் எஞ்சினுக்கு அகன்ற வாய். ஃபால்கன் 9 ராக்கெட்டில் இது பளிச்சென்று தெரியும். கீழ் அடுக்கில் இருக்கும் மெர்லின் எஞ்சினின் வாய்ப் பரப்பு தொண்டையைப் போல 16 மடங்கு. மேல் அடுக்கில் இருக்கும் அதே குடும்பத்து மெர்லினுக்கு 165 மடங்கு.

அகன்ற வாயைக் கடல் மட்டத்தில் பற்றவைத்தால் என்ன ஆகும்? நம் ஊர் உதாரணமே இருக்கிறது. இஸ்ரோவின் எல்.வி.எம்-3 ராக்கெட்டின் மேல் அடுக்குக்கான சி.இ-20 கிரையோஜெனிக் எஞ்சினின் (கடுங்குளிரில் திரவமாக்கிய எரிபொருளில் ஓடுவது) விரிவு விகிதம், அதாவது வாய்ப் பரப்பு தொண்டையைப் போல எத்தனை மடங்கு என்பது, 100. அதன் வாயில் வாயு அழுத்தம் சுமார் 50 மில்லிபார், அதாவது வெளிக்காற்றில் இருபதில் ஒரு பங்கு. திருநெல்வேலி மாவட்டம் மகேந்திரகிரியில் தரையில் வைத்து ஓட்டினால் வெளிக்காற்று சும்மா இருக்குமா? நாசிலுக்குள் புகுந்து வாயுவைச் சுவரிலிருந்து பிய்த்துவிடும். அதுவும் சுற்றிலும் ஒரே மாதிரி பிய்க்காது. இந்தப் பக்கம் ஒட்டியிருக்கும், அந்தப் பக்கம் விட்டிருக்கும், அடுத்த நொடியில் மாறும். மணி உதறும், பிரியும் இடத்தில் சூடு ஏறும், நாசிலே உடையலாம். அதனால் இப்படிப்பட்ட எஞ்சின்களை வெற்றிடம் போன்ற சூழலை உண்டாக்கும் தனிக் கூடத்தில் வைத்துச் சோதிப்பார்கள். 2024 நவம்பர் 29 அன்று நாசிலுக்கு ஒரு பாதுகாப்பு ஏற்பாட்டைப் பொருத்தி, 100 விகித நாசிலோடு கடல் மட்டத்திலேயே ஓட்டிக் காட்டினார்கள்.

என் பேரனின் புனலில் நடந்ததும் ஏறக்குறைய இதன் ஏழை வீட்டுப் பதிப்புதான். தண்ணீர் விரியாது, எனவே புனலை நிரப்பவும் செய்யாது. கோணலாக ஒட்டியிருந்த பக்கச் சுவரைப் பிடித்துக்கொண்டு சாய்வாக வெளியேறியது. ராக்கெட் சுண்டல் வண்டிக்குத் திரும்பியது.

மணி வடிவம் ஏன், நேரான கூம்பு போதாதா என்றால், பெரும்பாலும் போதும். மையக் கோட்டிலிருந்து 15 டிகிரி சாய்ந்த கூம்பில் வாயு பக்கவாட்டில் சிதறுவதால் போகிற உந்துவிசை இரண்டு சதவீதத்துக்கும் குறைவு. ஆனால் கூம்பு நீளம், நீளம் என்றால் எடை. தொண்டையை ஒட்டிச் சட்டென்று விரித்து, பின்பு சுவரை உள்பக்கம் வளைத்து வாயுவை நேராக்கும் மணி வடிவத்துக்கு 1958இல் கணக்கு போட்டுக் கொடுத்தவர் ஜி.வி.ஆர். ராவ். நம் பக்கத்துப் பெயர். இன்றும் உலகம் முழுக்க அதை "ராவ் நாசில்" என்கிறார்கள். இதைப் படித்தபோது எனக்குக் காரணமில்லாமல் கொஞ்சம் பெருமையாக இருந்தது.

மூவாயிரம் டிகிரியில் நாசில் ஏன் உருகவில்லை? ஒவ்வொருவரும் ஒரு வழி. ஆர்.எஸ்-25 எஞ்சினின் மணி 1,080 மெல்லிய குழாய்களை அடுக்கி ஒட்டவைத்தது. அவற்றுக்குள் மைனஸ் 253 டிகிரியில் வந்த ஹைட்ரஜன் ஓடும். உள்ளே நெருப்பு, வெளியே வாயோரத்தில் உறைபனி. திட எரிபொருள் ராக்கெட்டுகளில் சுவரே மெல்லக் கருகித் தேய்ந்து சூட்டைக் கொண்டுபோகும். மேல் அடுக்குகளில் செக்கச் சிவந்து ஒளிர்ந்தே சூட்டை வெளியே விட்டுவிடலாம். பி.எஸ்.எல்.வி.யின் நான்காம் அடுக்கில் கொலம்பியம் உலோகக் கலவைக்குப் பதிலாகக் கார்பன்-கார்பன் நாசிலை உருவாக்கியிருப்பதாக இஸ்ரோ 2024இல் அறிவித்தது. எடை மூன்றில் இரண்டு பங்கு குறைகிறது, அதனால் 15 கிலோ வரை கூடுதல் சுமை ஏற்றலாம். பி.எஸ்.எல்.வி. முதல் அடுக்கில் இன்னொரு தந்திரம் உண்டு. அதன் நாசிலை அசைக்க மாட்டார்கள். ஒரு பக்கச் சுவர் வழியாக ஸ்ட்ரான்ஷியம் பெர்குளோரேட் கரைசலைப் பீய்ச்சுவார்கள். அது உள்ளே அதிர்வலையை எழுப்பி வாயுவை ஒதுக்கித் தள்ள, ராக்கெட் திரும்பும். சுண்டல்காரர் விஷயத்தில் நாங்கள் தற்செயலாகச் செய்ததை அவர்கள் திட்டமிட்டுச் செய்கிறார்கள்!

இப்போது சின்னதுக்கு வருவோம். தீபாவளி ராக்கெட் வாணத்துக்கு நாசில் என்று தனியாக எதுவும் இல்லை. காகிதக் குழாய், அடியில் அடைப்பு, அதில் ஓட்டை. 1780இல் காஞ்சிபுரம் பக்கத்துப் பொள்ளிலூரில் ஹைதர் அலி படை ஆங்கிலேயர் மீது விட்ட ராக்கெட்டுகளும் விரியும் நாசில் இல்லாதவைதான். அவற்றின் பலம் இரும்புக் கூடு. காகிதம் தாங்காத அழுத்தத்தை இரும்பு தாங்கியது.

மாடல் ராக்கெட்டுகளுக்கு விற்கும் சின்ன மோட்டார்களில் கருமருந்தைக் காகிதக் குழாய்க்குள் இறுக்கி, அடியில் களிமண்ணை அழுத்தி நாசிலாக்கியிருப்பார்கள். சி6-5 என்று எழுதியிருந்தால், சி என்பது மொத்த உந்தம் 10 நியூட்டன்-வினாடிக்குள் என்பதைக் குறிக்கும். 6 என்பது சராசரி உந்துவிசை நியூட்டனில். 5 என்பது பாராசூட்டைத் தள்ளும் வரை காத்திருக்கும் வினாடி. ஓரிரு வினாடியில் எரிந்து முடிகிற சமாசாரத்துக்குக் களிமண் தாராளம். அதன் வாய் கொஞ்சம்தான் விரிந்திருக்கும். காரணம், உள்ளே அழுத்தம் குறைவு. பத்து பார் அழுத்தத்துக்குக் கணக்கு போட்டால், தொண்டை 4 மி.மீ. விட்டம் என்றால் வாய் 6 மி.மீ. போதும். எழுபது பார் எஞ்சினுக்கு அதே 4 மி.மீ. தொண்டைக்கு 12 மி.மீ. வாய் வேண்டும். தவிர, கருமருந்து எரிந்த பின் எடையில் பாதிக்கு மேல் திடத் துகள்களாகத்தான் வெளியேறுகிறது. துகள் எங்கே விரியப் போகிறது? நாசிலால் அதைப் பிடித்துத் தள்ள முடியாது. பெரிய மாடல்களில் போடும் கலவை எரிபொருள் மோட்டார்களில் அழுத்தம் கூடுதல், அதனால் கிராஃபைட் அல்லது ஃபீனாலிக் நாசிலும் ஒழுங்கான விரிவும் இருக்கும்.

ஒன்று கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். மருந்தை வீட்டில் கலந்து பார்க்க நினைக்காதீர்கள். உரிமம் இல்லாமல் செய்வது 1884 வெடிபொருள் சட்டப்படி குற்றம். அதைவிட முக்கியம், விரல்கள் திரும்ப முளைக்காது. தண்ணீரும் காற்றும் போதும், அதிலேயே கற்றுக்கொள்ள ஏராளம் இருக்கிறது.

உதாரணமாக உங்கள் பாட்டில். இரண்டு லிட்டர் பாட்டில், 600 மில்லி தண்ணீர், 4 பார். 22 மி.மீ. திறந்த வாயில் ஆரம்ப உந்துவிசை சுமார் 300 நியூட்டன், முப்பது கிலோவைத் தூக்கும் பலம். தண்ணீர் 0.07 வினாடிக்குள் காலி. மூடியில் 9 மி.மீ. துளை போட்டால் 50 நியூட்டன், ஆனால் 0.4 வினாடி நீடிக்கும். எது உயரம் போகும்? பாட்டில் எடையும் காற்றின் இழுப்பும் சேர்ந்து முடிவு செய்யும். அதைத்தான் நீங்கள் கண்காட்சியில் அளந்து காட்ட வேண்டும். கைபேசியில் வினாடிக்கு 240 படம் எடுக்கும் ஸ்லோமோஷன் இருந்தால், முதலாவதில் தண்ணீர் 16 படத்தில் தீரும், இரண்டாவதில் தொண்ணூற்றுச் சொச்சம்.

வீடியோவில் இன்னொன்றையும் கவனியுங்கள். தண்ணீர் தீர்ந்ததும் 'டப்' என்று ஒரு சத்தம், கூடவே வெள்ளைப் புகை. அது புகை இல்லை. அந்த நேரம் பாட்டிலில் இன்னும் வெளிக்காற்றைப் போல மூன்று மடங்கு அழுத்தம் மிச்சமிருக்கும். இரண்டு மடங்குக்கு மேல் என்பதால் பாட்டிலின் கழுத்திலும் காற்று ஒலி வேகத்தைத் தொட்டுச் சோக் ஆகிறது, மகேந்திரகிரி எஞ்சினின் தொண்டையில் ஆவது போலவே. விரியும் காற்று சட்டென்று குளிர்ந்து, அதிலிருக்கும் ஈரம் பனியாகிறது. சூடுதான் வேகம் ஆகிறது என்பதைக் கண்ணால் பார்க்கலாம்.

அந்தக் காற்றுக்கு மட்டும் விரியும் வாய் உதவும், உண்மைதான். கணக்கு போட்டுப் பார்த்தேன். 22 மி.மீ. கழுத்துக்கு வாய் 23 மி.மீ. இருந்தால் போதும். அரை மில்லிமீட்டர் அந்தப் பக்கம், அரை மில்லிமீட்டர் இந்தப் பக்கம், அதுவும் கண் சிமிட்டும் நேரத்துக்கு.

கூல்டிரிங்க்ஸ் வந்த பாட்டிலையே எடுங்கள், குடிதண்ணீர் பாட்டில் அழுத்தம் தாங்காது. கீறல் விழுந்ததைத் தூக்கிப் போடுங்கள். நீளமான கயிற்றால் இழுத்து விடுங்கள், பாட்டில் மேல் குனியாதீர்கள். கடற்கரை என்றால் காலை ஏழு மணிக்குள் வந்துவிடுங்கள். கடல்காற்று எழும்பியிருக்காது, சுண்டல்காரரும் வந்திருக்க மாட்டார்.